மகுடத்துக்குப் பின் என்ன? அழகிப் பட்டமும் அதன்மேல் எழும் தொழில்வாழ்வும்

அழகிப் போட்டியில் வென்ற ஒரு பெண் முதலில் விளம்பரங்களில் தோன்றுகிறார். பிறகு தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்றைத் தொகுத்து வழங்குகிறார், இன்னொன்றில் நடுவராக அமர்கிறார். அங்கிருந்து சிலர் திரைப்படத்துக்கும், சிலர் சொந்தத் தொழிலுக்கும், சிலர் தேர்தல் களத்துக்கும் போகிறார்கள். பல நாடுகளில் இது இன்று பழகிப்போன பாதை. ஆனால் அந்தப் பாதையைப் போட்டுத் தருவது எது? தலையில் ஏறிய மகுடமா? அதற்கு முன்பே அந்தப் பெண்ணிடம் இருந்த அழகும் பேச்சும் துணிவுமா? அந்த நேரத்தில் புதிய முகங்களைத் தேடிக்கொண்டிருந்த சந்தையா? போட்டி நடத்துவோர், பெண்ணியர்கள், சமூகவியலாளர்கள், பொருளாதார அறிஞர்கள் என்று பல தரப்பினரும் இதற்கு விடை சொல்லியிருக்கிறார்கள். ஒவ்வொரு விடையும் சில வாழ்க்கைகளுக்குப் பொருந்துகிறது. வேறு சிலவற்றின் முன் தடுமாறுகிறது.

கேள்வி அற்பமானதன்று. பதினெட்டு, இருபது வயதில் படிப்பை ஒத்திவைத்து, குடும்பத்தின் சேமிப்பைச் செலவிட்டு, இந்தப் போட்டிகளுக்குத் தயாராகும் பெண்கள் இந்தியாவின் சிறு நகரங்களிலும் இருக்கிறார்கள். அவர்கள் எந்த நம்பிக்கையின்மேல் அந்த முடிவை எடுக்கிறார்களோ, அந்த நம்பிக்கைக்கு ஆதாரம் எவ்வளவு என்று பார்ப்பது அவசியம்.

வணிகத்தில் பிறந்த போட்டி

நவீன அழகிப் போட்டிகளின் வரலாறு வணிகர்களிடமிருந்து தொடங்குகிறது. அமெரிக்காவின் அட்லாண்டிக் சிட்டி கடற்கரை நகரம். கோடை விடுமுறை முடிந்ததும் அங்கு விடுதிகள் காலியாகிவிடும். செப்டம்பரிலும் கூட்டத்தைத் தக்கவைக்க அவ்வூர் வணிகர்கள் 1921இல் ஒரு விழா எடுத்தார்கள். அதில் வென்ற மார்கரெட் கோர்மனுக்கு வயது 16. பின்னாளில் மிஸ் அமெரிக்கா என்று பெயர் பெற்ற போட்டியின் முதல் வெற்றியாளர் அவர்தான். அந்தப் பட்டத்தை வைத்து அவருக்குத் தொழில் எதுவும் அமையவில்லை. அவர் குடும்ப வாழ்க்கைக்குத் திரும்பினார்.

1951இல் லண்டனில் எரிக் மோர்லி தொடங்கிய உலக அழகிப் போட்டியும் ‘பிரிட்டன் திருவிழா’வை ஒட்டிக் கூட்டம் சேர்க்க எடுத்த முயற்சிதான். 1952இல் கலிபோர்னியாவின் லாங் பீச்சில் பிறந்த பிரபஞ்ச அழகிப் போட்டிக்குப் பின்னால் காட்டலினா என்ற நீச்சலுடை நிறுவனம் இருந்தது. மிஸ் அமெரிக்கா பட்டம் பெற்ற யோலண்ட் பெட்பீஸ் நீச்சலுடையில் ஊர் ஊராகச் சென்று காட்சி தர மறுத்ததால், அந்த நிறுவனம் தனக்கென்று ஒரு போட்டியை உருவாக்கிக்கொண்டது. இந்தியாவில் 1964 முதல் மிஸ் இந்தியா போட்டியை நடத்திவரும் ஃபெமினா, டைம்ஸ் குழுமத்தின் மகளிர் இதழ்.

இவற்றில் எதுவுமே பெண்களுக்கு வாழ்க்கைத் தொழில் அமைத்துத் தருவதற்காகத் தொடங்கப்பட்டதாகத் தெரியவில்லை. வெற்றியாளர் ஓர் ஊரையோ துணியையோ இதழையோ விளம்பரப்படுத்தினால் போதும். ‘இது பெண்களின் முன்னேற்றத்துக்கான மேடை’ என்ற பேச்சு பின்னர் வந்தது. பெரும்பாலும் எதிர்ப்புக்குப் பதிலாகவே அது வலுப்பெற்றது.

முதல் விடை: மகுடம் வாய்ப்பைத் திறக்கிறது

போட்டி நடத்துவோரும் வெற்றியாளர்கள் பலரும் சொல்லும் விடை இது: சாதாரணக் குடும்பத்துப் பெண்ணுக்கு எட்டாத கதவுகளை மகுடம் திறந்துவிடுகிறது. இதற்கு மிகப் பழைய ஆதாரமாகக் காட்டப்படுபவர் பெஸ் மையர்சன். நியூயார்க்கின் யூதக் குடும்பம் ஒன்றில் பிறந்த அவர் 1945இல் மிஸ் அமெரிக்கா ஆனார். அப்பட்டம் பெற்ற முதல் யூதப் பெண் அவர். கல்வி உதவித்தொகை முதன்முதலாக வழங்கப்பட்டதும் அந்த ஆண்டில்தான். பிறகு தொலைக்காட்சியில் வினாடி வினா நிகழ்ச்சிகளின் நிரந்தர முகமாக இருந்து, 1969இல் நியூயார்க் நகரின் முதல் நுகர்வோர் விவகார ஆணையராகப் பொறுப்பேற்றார். 1971ஆம் ஆண்டின் மிஸ் அமெரிக்கா ஃபிலிஸ் ஜார்ஜ், 1975இல் சிபிஎஸ் தொலைக்காட்சியில் அமெரிக்கக் கால்பந்து நிகழ்ச்சியின் தொகுப்பாளர்களில் ஒருவரானார். பெரும்பாலும் ஆண்களே பேசிவந்த விளையாட்டுத் தொலைக்காட்சியில் அது ஒரு திருப்பம்.

ஆஸ்திரேலியாவின் ஜெனிஃபர் ஹாக்கின்ஸ் இந்தப் பாதையின் முழு வடிவத்தையும் காட்டுகிறார். நியூகாசிலைச் சேர்ந்த அவர் 2004இல் ஈக்வடாரின் கீட்டோவில் பிரபஞ்ச அழகியானார். ஊர் திரும்பியதும் பயண நிகழ்ச்சியில் தொகுப்பாளர், பிறகு மையர் பல்பொருள் அங்காடியின் விளம்பர முகம், பிறகு மாடல்களைத் தேர்ந்தெடுக்கும் போட்டி நிகழ்ச்சியின் தொகுப்பாளர், கடைசியில் சொந்தத் தயாரிப்புகளின் உரிமையாளர் என்று படிப்படியாக நகர்ந்தார். இலங்கையின் ரோசி சேனாநாயக்க 1980களின் நடுவில் திருமதி உலக அழகிப் பட்டம் பெற்றவர். பின்னர் மலேசியாவுக்கான தூதரானார். 2018இல் கொழும்பின் முதல் பெண் மேயராகவும் பதவியேற்றார்.

இவ்விடையின் பலவீனம், அது வென்றவர்களை மட்டுமே எண்ணுகிறது என்பது. வென்றவர்களிலும் நிலைத்தவர்களைத்தான் எண்ணுகிறது. மையர்சனின் கதையிலேயே மறுபக்கம் உண்டு. அவர் யூதர் என்பதால் சில விளம்பர நிறுவனங்கள் அவரைப் பயன்படுத்த விரும்பவில்லை. ஆக, திறந்த கதவும் எல்லார்க்கும் ஒரே அளவில் திறக்கவில்லை. கல்வி உதவித்தொகை பற்றிய பெருமையும் விமர்சனத்துக்கு உள்ளானது. ‘கிடைக்கக்கூடிய தொகை’ என்று மிஸ் அமெரிக்கா அமைப்பு அறிவித்துவந்த எண்ணுக்கும் பெண்கள் கையில் உண்மையில் சேர்ந்த தொகைக்கும் பெரும் இடைவெளி இருப்பதை 2014இல் ஜான் ஆலிவரின் தொலைக்காட்சி நிகழ்ச்சி வெளிக்கொண்டுவந்தது.

இரண்டாம் விடை: மகுடம் பெண்ணைப் பொருளாக்குகிறது

1968 செப்டம்பரில் பெண்ணியர்கள் அட்லாண்டிக் சிட்டியில் போட்டி அரங்குக்கு வெளியே கூடினார்கள். உள்ளாடை, உயர்குதிச் செருப்பு, அலங்காரப் பொருள்கள் ஆகியவற்றை ‘விடுதலைக் குப்பைத்தொட்டி’யில் எறிந்தார்கள். 1970இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் அரங்கில் பாப் ஹோப் மேடையில் பேசிக்கொண்டிருந்தபோது மாவுப் பொட்டலங்கள் பறந்தன. மதிப்பெண் போட்டுப் பெண்ணுடலை வரிசைப்படுத்துவது பெண்கள் அனைவரையும் சிறுமைப்படுத்துகிறது. அதன்மேல் கட்டப்படும் தொழில் எதுவாயினும் அது பார்வையாளரின் விருப்பத்துக்குக் கட்டுப்பட்டதாகவே இருக்கும் என்பது அவர்களின் வாதம். நவோமி உல்ஃப் 1990இல் எழுதிய நூலில் இதை விரித்து, பெண்கள் வேலையிலும் அதிகாரத்திலும் முன்னேற முன்னேற அழகின் அளவுகோல்கள் அவர்கள்மேல் இன்னும் இறுகுகின்றன என்றார்.

இவ்வாதத்துக்கு வலுவான சான்றுகள் வெற்றியாளர்களின் வாழ்விலேயே கிடைக்கின்றன. 1996இல் பிரபஞ்ச அழகியான வெனிசுவேலாவின் அலிசியா மச்சாடோ பட்டம் பெற்றபின் உடல் எடை கூடியபோது, போட்டியின் அன்றைய உரிமையாளர் டொனால்ட் டிரம்ப், அவர் உடற்பயிற்சி செய்வதைப் படம்பிடிக்கப் பத்திரிகையாளர்களைக் கூட்டிவந்தார். 2021இல் அதே பட்டத்தை வென்ற ஹர்னாஸ் சந்து, தமக்குக் குளூட்டன் உணவு ஒத்துக்கொள்ளாத சீலியாக் நோய் இருப்பதை வெளிப்படையாகச் சொன்ன பிறகும் உடல் எடைக்காகச் சமூக ஊடகங்களில் கேலிக்கு ஆளானார். இடையில் 25 ஆண்டுகள் ஓடியும், தன் உடலைப் பற்றிப் பிறருக்கு விளக்கம் சொல்ல வேண்டிய நிலையில் வெற்றியாளர் இருந்திருக்கிறார்.

ஆனால் இந்த விடையும் எல்லாவற்றையும் விளக்கிவிடவில்லை. மாவு பறந்த அந்த 1970ஆம் ஆண்டுப் போட்டியில் வென்றவர் கிரெனடாவின் ஜெனிஃபர் ஹோஸ்டன். கறுப்பினப் பெண் ஒருவர் உலக அழகிப் பட்டம் பெற்றது பலருக்கு வரலாற்றுத் திருப்பமாகப் பட்டது. அவர் பின்னர் கனடாவில் தம் நாட்டின் தூதராகப் பணியாற்றினார். இரண்டாம் இடம் பெற்ற பேர்ள் ஜான்சன் தென்னாப்பிரிக்காவின் கறுப்பினப் பிரதிநிதி. அவர் நாடு திரும்பியபோது நிறவெறி ஆட்சி அவருக்கு எந்த வழியையும் விடவில்லை. ஒரே மேடை, ஒரே இரவு, அடுத்தடுத்த இடங்கள். ஆயினும் விளைவுகள் வேறு. பெண்ணைப் பொருளாக்கும் தன்மை இருவருக்கும் பொதுவாக இருந்தது. வாழ்க்கையைப் பிரித்தது அவரவர் நாட்டின் அரசியல்.

இந்தியாவில் எதிர்ப்பின் முகம் இன்னும் சிக்கலானது. 1996 நவம்பரில் அமிதாப் பச்சனின் நிறுவனம் பெங்களூரில் உலக அழகிப் போட்டியை நடத்தியபோது, இடதுசாரி மகளிர் அமைப்புகள், விவசாயிகள், இந்து அமைப்புகள் என்று ஒருவரோடொருவர் ஒத்துப்போகாத தரப்புகள் ஒரே நேரத்தில் எதிர்த்தன. மதுரையில் இளைஞர் ஒருவர் தீக்குளித்து உயிரிழந்தார். நீச்சலுடைச் சுற்று செஷல்ஸ் தீவுக்கு மாற்றப்பட்டது. ஒரு தரப்பு பெண்ணின் உரிமைக்காகவும், இன்னொரு தரப்பு பண்பாட்டின் மானத்துக்காகவும், மற்றொரு தரப்பு அந்நிய முதலீட்டுக்கு எதிராகவும் பேசியது. அந்தப் போராட்டத்தை ஆராய்ந்த ரூபால் ஓசா போன்றோர், உலகமயத்தைப் பற்றிய அச்சங்கள் பெண்ணுடலின்மேல் ஏற்றப்பட்டதைச் சுட்டிக்காட்டியிருக்கிறார்கள். மேடையில் நின்ற பெண்களுக்கு என்ன வேண்டும் என்ற கேள்விக்கு அந்த ஆரவாரத்தில் அதிக இடம் இருந்ததாகத் தெரியவில்லை.

மூன்றாம் விடை: சந்தை தேர்ந்தெடுக்கிறது

1994 மே மாதம் மணிலாவில் சுஷ்மிதா சென் பிரபஞ்ச அழகி. அதே ஆண்டு நவம்பரில் சன் சிட்டியில் ஐஸ்வர்யா ராய் உலக அழகி. 1997இல் டயானா ஹேடன், 1999இல் யுக்தா முகி. 2000இல் லாரா தத்தா, பிரியங்கா சோப்ரா, தியா மிர்சா மூவரும் மூன்று சர்வதேசப் பட்டங்களுடன் திரும்பினார்கள். 1994க்கு முந்தைய கால் நூற்றாண்டுக்கும் மேலாக உலக அழகிப் பட்டம் பெற்ற இந்தியர் 1966இல் வென்ற ரீட்டா ஃபாரியா ஒருவரே. 1991இல் பொருளாதாரம் திறந்துவிடப்பட்டது; செயற்கைக்கோள் தொலைக்காட்சி வீடுகளுக்குள் வந்தது; பன்னாட்டு ஒப்பனைப்பொருள் நிறுவனங்கள் இந்திய நடுத்தர வர்க்கத்தைத் தேடி வந்தன. இவற்றோடு பட்டங்களைச் சேர்த்துப் பார்ப்பவர்கள், வாங்குவோர் பெருகும் நாட்டுக்கு மகுடம் தரப்படுகிறது என்கிறார்கள்.

காலப்பொருத்தம் மறுக்க முடியாதது. ஆனால் நடுவர்கள் சந்தைக்காகவே தீர்ப்பளித்தார்கள் என்பதற்கு நேரடிச் சான்று யாரும் காட்டியதில்லை. 2000க்குப் பிறகு இந்தியச் சந்தை இன்னும் பெருகியது. ஆனால் அடுத்த உலக அழகிப் பட்டத்துக்கு 2017 வரை, மனுஷி சில்லர் வரும் வரை, காத்திருக்க வேண்டியிருந்தது. பிரபஞ்ச அழகிப் பட்டத்துக்கு 2021 வரை. சந்தை மட்டுமே விடையென்றால் இந்த இடைவெளிக்கு விளக்கம் வேண்டும்.

சந்தை வாதத்தை நுட்பமாக வைப்பவர்கள் பயிற்சியைக் காட்டுகிறார்கள். சுஷ்மிதா சென் 1994இல் கோவாவில் மிஸ் இந்தியா மேடையில் அணிந்த கவுனுக்குத் துணி வாங்கியது டெல்லி சரோஜினி நகர்ச் சந்தையில். தைத்தவர் உள்பாவாடை தைக்கும் அக்கம்பக்கத் தையல்காரர். கைக்கு அணிந்த கறுப்பு உறைகள், புதுக் காலுறைகளை வெட்டித் தைத்தவை. இதையெல்லாம் அவரே தொலைக்காட்சிப் பேட்டியில் சொல்லியிருக்கிறார். ஆனால் பத்தாண்டு முடிவதற்குள் நிலைமை மாறியது. பேச்சுப் பயிற்சிக்கு சபிரா மெர்ச்சன்ட், சருமத்துக்கு மருத்துவர், உடற்பயிற்சிக்கும் உணவுக்கும் வல்லுநர், நடைக்கும் உடைக்கும் தனித்தனி ஆள்கள் என்று வாரக்கணக்கில் முகாம் நடத்தும் ஏற்பாடு வந்துவிட்டது. அந்த முகாமைக் கள ஆய்வு செய்த மானுடவியலாளர் சூசன் டூயி, சர்வதேச மேடைக்கு ஏற்றபடி இளம்பெண்கள் எப்படி வடிவமைக்கப்படுகிறார்கள் என்பதை ஒரு நூலாகவே எழுதினார். முகாமில் கற்றுத் தந்தவை, கேமராவைப் பார்த்துப் பேசுவது, எதிர்பாராத கேள்விக்குச் சுருக்கமாகப் பதில் சொல்வது, களைப்பிலும் முகம் வாடாதிருப்பது. இவை தொலைக்காட்சித் தொகுப்பாளருக்கு வேண்டிய திறன்களே. மகுடம் கிடைக்காதவரும் இவற்றோடு வெளியே வந்தார்.

வெனிசுவேலா இதன் உச்ச வடிவம். பிரபஞ்ச அழகிப் பட்டத்தை ஏழு முறை வென்ற அந்நாட்டில், ஓஸ்மெல் சூசா பல பத்தாண்டுகள் உள்நாட்டுப் போட்டியை நடத்தினார். போட்டியும் வெனெவிசியோன் தொலைக்காட்சியும் ஒரே சிஸ்நெரோஸ் குழுமத்தின் சொத்து. ஆகவே போட்டியாளர்கள் அங்கிருந்து நெடுந்தொடர்களுக்கும் நிகழ்ச்சித் தொகுப்புக்கும் போவது நிறுவனத்துக்குள்ளேயே நடக்கும் இடமாற்றம் போல் இயல்பாக இருந்தது. 1981இல் பிரபஞ்ச அழகியான ஐரீன் சாயெஸ், 1992இல் சகாவோ நகரின் மேயரானார். 1998 அதிபர் தேர்தலின் தொடக்கக் கருத்துக்கணிப்புகளில் முன்னணியிலும் இருந்தார். ஆனால் வாக்குப்பதிவில் மூன்று சதவீதம் அளவுக்கே பெற்று ஊகோ சாவேசிடம் தோற்றார். 2018இல் போட்டியாளர்களைப் பணம்படைத்தவர்களோடு இணைத்த ஊழல் பற்றிய குற்றச்சாட்டுகள் எழ, அமைப்பே சிறிது காலம் செயல்பாட்டை நிறுத்தியது. வலுவான தொழில்வழி இருக்கும் இடத்தில் சுரண்டலுக்கும் வழி இருக்கும் என்பதை அந்த நிகழ்வு உணர்த்தியது.

நான்காம் விடை: அழகுக்கே விலை, மகுடத்துக்கு அல்ல

பொருளாதார அறிஞர்கள் டேனியல் ஹேமர்மெஷ், ஜெஃப் பிடில் இருவரும் 1994இல் வெளியிட்ட ஆய்வு, அமெரிக்காவிலும் கனடாவிலும் தோற்றப் பொலிவு குறைந்தவர்களாகக் கருதப்பட்டோர் சராசரித் தோற்றம் உடையவர்களைவிட 5 முதல் 10 சதவீதம் வரை குறைவாகச் சம்பாதிப்பதாகக் காட்டியது. சமூகவியலாளர் கேத்தரின் ஹக்கிம் 2010இல் ஒரு படி மேலே சென்று, தோற்றமும் ஈர்ப்பும் பணம், கல்வி போல ஒரு மூலதனமே என்றார். இதன்படி, வென்ற பெண் மகுடம் இல்லாவிட்டாலும் முன்னேறியிருப்பார். போட்டி அவரைக் கண்டெடுத்ததே தவிர உருவாக்கவில்லை.

ஐஸ்வர்யா ராய் இதற்குப் பொருத்தமான சான்று. மிஸ் இந்தியா மேடைக்கு வருமுன்பே, 1993இல் அமீர் கானுடன் நடித்த பெப்சி விளம்பரம் அவரை நாடறிந்த முகமாக்கியிருந்தது. தோற்றவர்களின் வாழ்க்கையும் இதே திசையில் பேசுகிறது. 1998 மிஸ் இந்தியா போட்டியில் பட்டம் பெறாத ஸ்மிருதி இரானி, 2000இல் ஸ்டார் பிளஸ் நெடுந்தொடரின் நாயகியாக வீடுவீடாக அறியப்பட்டு, 2014இல் மத்திய அமைச்சரானார். 1999இல் மிஸ் சென்னையான திரிஷா, 2001 மிஸ் இந்தியாவில் ‘அழகிய புன்னகை’ என்ற துணைப் பட்டத்தோடு திரும்பினார். இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தென்னகத் திரையில் நிலைத்திருக்கிறார். மறுபுறம், உலக அழகிப் பட்டம் பெற்ற டயானா ஹேடனுக்கும் யுக்தா முகிக்கும் திரைவாழ்வு அந்த அளவுக்கு அமையவில்லை.

ஆயினும் இவ்விடைக்கும் ஓர் ஓட்டை உண்டு. சராசரித் தொழிலாளர்களின் ஊதியத்தை அளந்த ஆய்வை, ஒரு சிலரே பெரும்பகுதியை அள்ளிக்கொள்ளும் துறைக்கு அப்படியே பொருத்த முடியாது. முன்பு மாடலாக இருந்த சமூகவியலாளர் ஆஷ்லி மியர்ஸ் 2011இல் எழுதிய நூலில், மாடலிங்கில் பெரும்பாலோர் மிகக் குறைவாகவே சம்பாதிக்கிறார்கள் என்றும், கௌரவமான பத்திரிகை அட்டைப்பட வேலைகளுக்கு ஊதியம் பெயரளவுக்கே என்றும் காட்டினார். அங்கே அழகிகளுக்குப் பஞ்சமில்லை. அந்தக் கூட்டத்தில் ஒருவரை அடையாளம் காட்ட ஒரு முத்திரை தேவைப்படுகிறது, அந்த வேலையை மகுடம் செய்யக்கூடும். மகுடத்தின் பங்கு எவ்வளவு, அழகின் பங்கு எவ்வளவு என்று பிரித்தளந்த நம்பகமான ஆய்வு அரிது. மயிரிழையில் வென்றவர்களையும் மயிரிழையில் தோற்றவர்களையும் பல ஆண்டுகள் ஒப்பிட்டுப் பார்த்தால்தான் அது ஓரளவுக்காவது தெரியவரும்.

மேடைக்கு யார் வர முடிகிறது?

நான்கு விடைகளும் பொதுவாகக் கடந்துபோகும் கேள்வி இது. இந்திய வெற்றியாளர்களின் பின்புலத்தை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஓர் ஒழுங்கு தென்படுகிறது. சுஷ்மிதா சென், லாரா தத்தா இருவரின் தந்தையரும் விமானப்படை அதிகாரிகள். பிரியங்கா சோப்ராவின் பெற்றோர் ராணுவ மருத்துவர்கள். மனுஷி சில்லரின் பெற்றோரும் மருத்துவர்கள், அவரும் மருத்துவ மாணவியாக இருந்தவர். ஊர் ஊராக மாறிய வளர்ப்பு, ஆங்கிலப் பள்ளி, அந்நியர் முன் தயங்காத பேச்சு ஆகியவை மகுடத்துக்கு முன்பே இவர்களிடம் சேர்ந்திருந்தன. கேள்விச் சுற்றில் வெளிப்படும் ‘தன்னம்பிக்கை’யில் வர்க்கத்தின் பங்கு எவ்வளவு என்று கேட்காமல் அதைத் தனிமனிதத் திறமையாக மட்டும் எடுத்துக்கொள்வது சரியாகாது.

நிறமும் அப்படியே. 1975இல் ஃபேர் அண்ட் லவ்லி களிம்பு வந்த நாட்டில், பட்டம் பெற்ற பெண்களுக்குக் காத்திருந்த விளம்பரங்களில் சிவப்பழகுப் பொருள்களும் இருந்தன. அத்தகைய விளம்பரத்தில் நடித்ததற்காகப் பிரியங்கா சோப்ரா பின்னாளில் வெளிப்படையாக வருந்தியிருக்கிறார். 2018இல் திரிபுராவின் அன்றைய முதலமைச்சர் விப்லவ் தேவ், ஐஸ்வர்யா ராய் இந்தியப் பெண்மையைப் பிரதிபலிப்பவர் என்றும், டயானா ஹேடன் பட்டத்துக்கு உரியவரல்லர் என்றும் பேசினார். எதிர்ப்பு எழுந்ததும் வருத்தம் தெரிவித்தார். மாநிறப் பெண் ஒருவர் பட்டம் வென்று இருபது ஆண்டுகளுக்குப் பிறகும் அந்தப் பட்டத்தின் தகுதி கேள்விக்குள்ளாக முடிந்தது. வென்ற பின்னும் மகுடத்தின் மதிப்பு எல்லாத் தோலுக்கும் சமமாக இல்லை என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டுவது கடினம்.

மொழியின் பங்கைத் தமிழ்நாடு தெளிவாகக் காட்டுகிறது. ஐஸ்வர்யா ராயின் முதல் படம் 1997இல் வந்த ‘இருவர்’. பிரியங்கா சோப்ராவின் முதல் படம் 2002இல் வந்த ‘தமிழன்’. சுஷ்மிதா சென்னும் 1997இலேயே ‘ரட்சகன்’ படத்தில் நடித்தார். தமிழ் தெரியாத ஒருவரைத் தமிழ்த் திரை ஏற்க முடிந்ததற்குக் காரணம் பின்னணிக் குரல். டப்பிங் கலைஞர் ஒருவர் பேச, முகம் மட்டும் நடிகையுடையதாக இருந்தால் போதும். நேரலையில் நின்று பேச வேண்டிய சின்னத்திரையில் அந்த வசதி இல்லை. தமிழ்த் தொலைக்காட்சியில் நீண்டகாலம் நிலைத்த திவ்யதர்ஷினி போன்ற தொகுப்பாளர்கள் பேச்சின் வலிமையால் வந்தவர்கள்; அழகிப் பட்டம் அவர்களுக்கு நுழைவுச்சீட்டாக இருக்கவில்லை. இந்தி, ஆங்கிலத் தொலைக்காட்சியிலோ நிலைமை வேறு. 1997இல் மிஸ் இந்தியா பட்டம் வென்ற பெங்களூரின் நஃபீசா ஜோசப் எம்டிவியில் வி.ஜே. ஆனார். 2002இன் வெற்றியாளர் நேஹா தூபியா ரியாலிட்டி நிகழ்ச்சிகளில் நடுவராகவும் வழிகாட்டியாகவும் தொடர்ந்தார். 2017 முதல் ஃபெமினா மாநிலவாரித் தேர்வைக் கொண்டுவந்தது. அடுத்த ஆண்டே திருச்சியைச் சேர்ந்த அனுகீர்த்தி வாஸ் மிஸ் இந்தியா ஆனார். இந்த மாற்றம் வெவ்வேறு மொழி, வர்க்கப் பின்னணிகளிலிருந்து பெண்களைத் தொடர்ந்து கொண்டுவருமா என்பதை இன்னும் சில ஆண்டுகள் பொறுத்தே சொல்ல முடியும்.

மகுடத்தின் உரிமை யாரிடம்?

பட்டம் என்பது ஓர் ஒப்பந்தமும்கூட. அந்த ஓராண்டில் எங்கே போவது, யாருக்கு விளம்பரம் செய்வது, எப்படி நடந்துகொள்வது என்பனவற்றில் அமைப்பின் பிடி இருக்கும். வனெசா வில்லியம்ஸின் கதை இதன் கூர்மையான எடுத்துக்காட்டு. 1983 செப்டம்பரில் மிஸ் அமெரிக்கா பட்டம் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர். முன்பு எடுத்த நிர்வாணப் படங்களை ஓர் இதழ் அவர் அனுமதியின்றி வெளியிட இருந்ததால், 1984 ஜூலையில் பட்டத்தைத் துறக்க வேண்டியதாயிற்று. பிறகு பாடகியாக எழுந்து, 1992இல் அமெரிக்கப் பாடல் வரிசையில் முதலிடம் பிடித்து, தொலைக்காட்சித் தொடர்களிலும் நிலைத்தார். 2015இல் அமைப்பின் தலைவர் மேடையிலேயே அவரிடம் மன்னிப்புக் கேட்டார். பட்டத்தைப் பறிகொடுத்த பிறகே அவருடைய பெருவெற்றி வந்தது. இதை மகுடத்தின் வெற்றியாகவும் எடுக்க முடியாது, அவதூறின் பயனாகவும் எடுக்கக் கூடாது. ஒரு பெண்ணின் உழைப்பை அதற்கு உரிய பெயரில் பதிவு செய்ய நம்மிடம் உள்ள நான்கு விடைகளும் தடுமாறுகின்றன.

மகுடத்தைத் தம் தொழிலாக்க மறுத்தவர்களும் உண்டு. சென்னையில் பிறந்த இந்திராணி ரகுமான், திருமணமாகித் தாயான பிறகு 1952இல் மிஸ் இந்தியாவாக லாங் பீச் சென்றார். ஆனால் வரலாறு அவரைப் பரதத்தையும் ஒடிசியையும் உலக மேடைக்குக் கொண்டுசென்ற நடனக் கலைஞராகவே நினைவில் வைத்திருக்கிறது. மருத்துவ மாணவி ரீட்டா ஃபாரியா, பட்டத்துக்குரிய ஓராண்டு முடிந்ததும் திரைப்பட, மாடலிங் வாய்ப்புகளை ஒதுக்கிவிட்டுப் படிப்பைத் தொடர்ந்து, மருத்துவராகி அயர்லாந்தில் குடியேறினார். இவர்களுக்குப் போட்டிக்கு வெளியே சொந்தமாக ஒரு தொழில் இருந்தது. ஒதுக்கும் சுதந்திரத்தை அதுவே தந்திருக்க வேண்டும்.

மதிப்பீடு

இந்த விடைகளை ஒன்றாக வைத்துப் பார்க்கும்போது சிலவற்றை ஓரளவு உறுதியோடு சொல்லலாம். மகுடம் ஒரு தொழிலன்று. ஓராண்டுக் காலம் பிறர் கவனத்தைப் பெற்றுத் தரும் ஒரு வாய்ப்பு. அந்தக் கவனம் தொழிலாக மாறுவது, அருகில் எந்தத் துறை ஆள் தேடிக்கொண்டிருக்கிறது என்பதைப் பொறுத்தது. 1921இல் அட்லாண்டிக் சிட்டியில் அப்படி எதுவும் இல்லை. 1950களில் அமெரிக்காவில் தொலைக்காட்சியும், 1990களில் இந்தியாவில் செயற்கைக்கோள் அலைவரிசையும் ஒப்பனைச் சந்தையும் திரைப்படமும் இருந்தன. நிலைத்தவர்கள் பெரும்பாலும் அந்த ஓராண்டுக்குள் கேமராமுன் பேசும் திறனையோ, நடிப்பையோ, நிர்வாகத்தையோ கைவசப்படுத்திக்கொண்டவர்கள். பெண்ணுடலை மதிப்பெண்ணாக்குகிறது என்ற பெண்ணியக் குற்றச்சாட்டை வெற்றிக் கதைகள் பொய்யாக்கவில்லை. வெற்றி பெற்றவர்களே அந்த அளவுகோலின் கீழ் துன்பப்பட்டிருக்கிறார்கள்.

திறந்தே இருக்கும் கேள்விகளும் பல. பட்டம் பெறாமல் திரும்பிய பெண்களின் பிந்தைய வாழ்க்கை பற்றி நமக்கு மிகக் குறைவாகவே தெரியும். அது தெரியாத வரை ‘மகுடம் உதவுகிறது’ என்பதும் ‘உதவவில்லை’ என்பதும் பாதிக் கணக்குதான். சமூக ஊடகத்தில் ஒருவர் தாமே பார்வையாளர்களைத் திரட்டிக்கொள்ள முடிகிற காலத்தில், போட்டியின் முத்திரைக்கு இன்னும் என்ன மதிப்பு என்பது தெளிவாகவில்லை. பிரபஞ்ச அழகிப் போட்டி 2023 முதல் மணமானவர்களையும் தாய்மாரையும் அனுமதிக்கிறது, 2024 முதல் வயது வரம்பையும் நீக்கியிருக்கிறது. இவை யாரெல்லாம் மேடை ஏறலாம் என்ற விதியை மாற்றியிருக்கின்றன. யார் வெல்கிறார், வென்றபின் யாருக்கு வேலை கிடைக்கிறது என்பதையும் மாற்றுமா என்று இப்போதே கூற இயலாது.

போட்டிகளைத் தடைசெய்யலாமா, கொண்டாடலாமா என்ற வாதத்திலேயே நம் கவனம் அதிகம் செலவாகியிருக்கிறது. அதைவிட உடனடியானது ஒன்று உண்டு. ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது, பயிற்சிக்கும் உடைக்கும் யார் செலவிடுகிறார், ஓராண்டு முடிந்ததும் என்ன பாதுகாப்பு இருக்கிறது என்பவற்றைப் போட்டியில் பெயர் கொடுக்கும் பெண்ணுக்கு முன்கூட்டியே தெரிவிக்க வேண்டும். இந்தத் தகவல்களை அமைப்புகள் வெளியிடத் தொடங்கினால், நூறாண்டுகளாக ஊகத்தில் நடந்துவரும் இந்த வாதம் சான்றுகளின்மேல் நடக்கத் தொடங்கும். போட்டியில் கலந்துகொள்ளும் பெண்ணும் தெரிந்தே ஒரு முடிவை எடுக்க முடியும்.